"தைரியமா இரு" என்றால் எப்படி இருப்பது? பயம் பற்றிய வாசகர் கேள்விகள்

பயம் பற்றிய கேள்விகளை அனுப்பச் சொல்லிச் சென்ற இதழில் கேட்டிருந்தோம். வந்த கடிதங்கள் பலவற்றில் ஒரே புலம்பல்: "தைரியமா இருன்னு எல்லாரும் சொல்றாங்க. எப்படின்னு ஒருத்தரும் சொல்றதில்லை." நியாயமான புகார். ஆகவே இந்தப் பக்கங்களில் 'எப்படி' மட்டும்தான். மனநல மருத்துவரும் மருத்துவ உளவியலாளரும் சேர்ந்து பதில் தந்திருக்கிறார்கள். கேட்டவர்களின் பெயரை விட்டுவிட்டு ஊரை மட்டும் போட்டிருக்கிறோம்.

நர்சிங் முதலாமாண்டு படிக்கிறேன். ரத்தத்தைப் பார்த்தாலே காது அடைத்து, கண் இருட்டி, கீழே விழுந்துவிடுகிறேன். இரண்டு முறை வார்டிலேயே விழுந்தேன். மூச்சை நிதானமாக இழுத்து விடு, உடம்பைத் தளர்த்திக்கொள் என்று சீனியர் அக்கா சொன்னார். அப்படிச் செய்தால் இன்னும் சீக்கிரம் விழுகிறேன். அப்பாவுக்கும் இப்படித்தானாம். படிப்பை விட்டுவிடலாமா?
(ஈரோடு)

விட வேண்டாம். சீனியர் அக்கா நல்ல எண்ணத்தில்தான் சொல்லியிருக்கிறார், ஆனால் உங்கள் பயத்துக்கு அது நேர் எதிரான மருந்து.

மற்ற பயங்களில் நாடித்துடிப்பும் ரத்த அழுத்தமும் ஏறும், ஏறியபடியே கொஞ்ச நேரம் நிற்கும். அதனால்தான் பயத்தில் மயங்கி விழுவது அபூர்வம். ரத்தம், ஊசி, காயம் சார்ந்த பயத்தில் மட்டும் கதை வேறு. முதலில் சற்று ஏறி, பிறகு இதயத் துடிப்பைத் தணிக்கும் வேகஸ் என்ற நரம்பின் வேலையால் இரண்டும் சடாரென்று சரியும். மூளைக்குப் போகும் ரத்தம் குறையும், ஆள் விழுவார். இது பெரும்பாலும் குடும்பத்தில் ஓடும். அப்பாவிடமிருந்து வந்ததை மனவலிமைக் குறைவு என்று யாராவது சொன்னால் காதில் போட்டுக்கொள்ளாதீர்கள்.

சரிகிற அழுத்தத்தை ஏற்ற வேண்டிய இடத்தில் உடம்பைத் தளர்த்தினால் என்ன ஆகும்? இன்னும் சரியும். நீங்கள் செய்ய வேண்டியது இறுக்குவது. ஸ்வீடன் நாட்டு உளவியலாளர் லார்ஸ் ஓஸ்ட் 1980களில் வகுத்துக் கொடுத்த பயிற்சி இது:

நாற்காலியில் உட்காருங்கள். இரண்டு கை, மார்பு, வயிறு, தொடை, கெண்டைக்கால் எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் இறுக்குங்கள். 10 முதல் 15 விநாடி. முகத்தில் சூடு ஏறுவது தெரிய வேண்டும், அதுதான் அடையாளம். சூடு தெரியவில்லை என்றால் இறுக்கம் போதவில்லை. பிறகு விடுங்கள், ஆனால் துவண்டு போகிற அளவுக்கு விடாமல், சாதாரணமாக உட்கார்ந்திருக்கும் நிலைக்கு மட்டும் வாருங்கள். 20 முதல் 30 விநாடி கழித்து மறுபடி இறுக்குங்கள். இப்படி 5 தடவை செய்தால் ஒரு சுற்று. ஒரு நாளைக்கு 5 சுற்று, ஒரு வாரம். இந்த வாரத்தில் ரத்தத்தின் பக்கமே போக வேண்டாம், உடம்புக்கு இந்த வித்தை பழகட்டும்.

பெரும்பாலோர் தவறுகிற இடம் மூச்சு. இறுக்கும்போது மூச்சைப் பிடித்துக்கொள்வார்கள். மலம் கழிக்க முக்குவதுபோல மூச்சடக்கி முக்கினால் இதயத்துக்குத் திரும்பும் ரத்தம் குறைந்து தலை சுற்றும். இறுக்கியபடியே வாய்விட்டு ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணுங்கள், மூச்சு தானாக ஓடும். தலைவலி வந்தால் முகத்தையும் கழுத்தையும் இறுக்குகிறீர்கள் என்று பொருள், அவற்றை விட்டுவிடுங்கள்.

இரண்டாவது வாரத்திலிருந்து ரத்தம். முதலில் பாடப்புத்தகத்துப் படம், அடுத்து ரத்தம் எடுக்கும் வீடியோ, பிறகு கையில் காலி சிரிஞ்ச், ரத்தம் நிரம்பிய குழாய், தோழிக்கு ரத்தம் எடுப்பதை மூன்றடி தள்ளி நின்று பார்ப்பது, கடைசியில் பக்கத்தில் நின்று பஞ்சு பிடித்துக்கொள்வது. ஒவ்வொரு படியிலும் காது அடைக்கிறதா, வியர்க்கிறதா, கொட்டாவி வருகிறதா என்று கவனியுங்கள். அவை வீழ்ச்சியின் முதல் தந்திகள். அந்த நொடியே இறுக்க ஆரம்பிக்க வேண்டும், கண் இருட்டும்வரை காத்திருந்தால் நேரம் கடந்துவிடும். கண்ணைத் திருப்பிக்கொள்ளாதீர்கள். பார்த்தபடியே இறுக்குவதில்தான் பயிற்சியே இருக்கிறது.

உங்களுக்கே ரத்தம் எடுக்கும் நாளில் படுத்துக்கொண்டு கொடுக்கிறேன் என்று கேளுங்கள், யாரும் மறுக்க மாட்டார்கள். அரை மணி நேரம் முன்பு இரண்டு பெரிய டம்ளர் தண்ணீர், அதாவது சுமார் அரை லிட்டர், குடியுங்கள். வெறும் வயிற்றில் எடுக்கும் சர்க்கரைப் பரிசோதனைக்கும் வெறும் தண்ணீர் தடையில்லை. ஊசி குத்தும் கையை மட்டும் தளர்வாக விட்டு, மற்ற கையையும் கால்களையும் இறுக்குங்கள். எடுத்து முடித்ததும் துள்ளி எழாதீர்கள். விழுபவர்களில் பலர் ஊசி வெளியே வந்த பிறகு, 'அப்பாடா' என்று எழும்போதுதான் விழுகிறார்கள்.

இது எல்லாமே ரத்தத்தைப் பார்க்கும்போது மட்டும் வருகிற மயக்கத்துக்கு. ஓடும்போதோ படிக்கட்டு ஏறும்போதோ மயங்கினால் முதலில் இதய மருத்துவரைப் பாருங்கள்.

வயது 34. மூன்று மாதம் முன்பு கம்பெனி பஸ்ஸில் போகும்போது திடீரென்று நெஞ்சு படபடத்து, மூச்சு முட்டி, கை மரத்து, செத்துவிடப் போகிறேன் என்று தோன்றியது. ஆஸ்பத்திரியில் ஈசிஜி, எக்கோ எல்லாம் நார்மல் என்றார்கள். அதற்குப் பிறகு 5 முறை வந்துவிட்டது. இப்போது பஸ்ஸில் கதவோரம்தான் உட்காருகிறேன், பையில் தண்ணீர் பாட்டில், சட்டைப் பையில் மாத்திரை. கம்பெனி மாறலாமா என்று யோசிக்கிறேன்.
(ஸ்ரீபெரும்புதூர்)

கம்பெனியை மாற்றினால் பயமும் புது ஐடி கார்டு வாங்கிக்கொண்டு உங்களுடனேயே வரும். நீங்கள் சொல்வது பேனிக் அட்டாக் என்று நாம் அழைக்கும் பீதித் தாக்குதலின் அச்சு அசலான படம். இதயம் சரியாக இருக்கிறது என்று பார்த்தாகிவிட்டது. பார்க்காமல் விட்டிருந்தால் இரண்டு சோதனைகள் பாக்கி: தைராய்டு, ஹீமோகுளோபின். இரண்டில் எது கோளாறானாலும் படபடப்பு வரும். ஒரு நாளைக்கு எத்தனை காபி, டீ என்றும் எண்ணிப் பாருங்கள். நைட் ஷிஃப்டில் ஐந்தாறு போகிறது என்றால் பாதியாக்குங்கள்.

கை ஏன் மரக்கிறது என்று தெரிந்தால் பாதிப் பயம் குறையும். பயத்தில் நீங்கள் வேகவேகமாக மூச்சு வாங்குகிறீர்கள். உடம்புக்குத் தேவையானதைவிட அதிகமாகக் கரியமில வாயு வெளியே போய்விடுகிறது. அதனால் மூளையின் ரத்தக் குழாய்கள் சற்றுச் சுருங்கும், தலை லேசாகும். ரத்தத்தில் கால்சியம் வேலை செய்யும் விதம் தற்காலிகமாக மாறும், விரலும் உதடும் மரக்கும், சிலருக்கு விரல்கள் கோணிக்கொள்ளும். மூச்சு முட்டுவதுபோல இருக்கும்போதே ரத்தத்தில் ஆக்சிஜன் நிறையத்தான் இருக்கிறது. அது தெரியாமல் ஜன்னலைத் திறந்து இன்னும் பெரிதாக இழுக்கிறோம், எரிகிற அடுப்பில் விறகு வைத்த கதை. காகிதப் பையில் ஊதும் பழைய வைத்தியத்தையும் விட்டுவிடுங்கள். உண்மையில் இதயக் கோளாறோ ஆஸ்துமாவோ இருப்பவருக்கு அது ஆபத்து.

தாக்குதல் வரும்போது மூக்கால் 4 விநாடி உள்ளே, 6 விநாடி வெளியே. இழுக்கும் காற்றின் அளவு சாதாரணமாகத்தான் இருக்க வேண்டும், மார்பு பொங்கக் கூடாது. பொதுவாகப் பத்து நிமிடத்துக்குள் உச்சம் தொட்டு, அரை மணிக்குள் இறங்கிவிடும். நீங்கள் ஒன்றும் செய்யாவிட்டாலும் இறங்கும். இந்தக் கடைசி வாக்கியத்தை உடம்பு நம்ப வேண்டும், அதற்குத்தான் அடுத்த பயிற்சி.

வீட்டில், சனி ஞாயிறில், அந்த அறிகுறிகளை நீங்களே வேண்டுமென்று வரவழையுங்கள். இருந்த இடத்திலேயே ஒரு நிமிடம் ஓடினால் படபடப்பு வரும். சுழல் நாற்காலியில் ஒரு நிமிடம் சுற்றினால் தலைசுற்றல். மூக்கைப் பிடித்துக்கொண்டு மெல்லிய ஸ்ட்ரா வழியாக ஒரு நிமிடம் மூச்சு விட்டால் முட்டல். ஒரு நிமிடம் வேகமாக மூச்சு வாங்கினால் மரத்துப் போதல். ஒவ்வொன்றையும் செய்துவிட்டு அப்படியே உட்கார்ந்து, தானாக அடங்கும்வரை கடிகாரத்தைப் பாருங்கள். எத்தனை நிமிடம் என்று எழுதுங்கள். நாலைந்து முறை செய்தபின் படபடப்பு வெறும் படபடப்பாகத் தெரியும், எமன் வந்துவிட்டதாகத் தெரியாது. இதய நோய், ஆஸ்துமா, வலிப்பு உள்ளவர்களும் கர்ப்பிணிகளும் இதைச் செய்யக் கூடாது. உங்களுக்கு எக்கோவரை பார்த்தாகிவிட்டதால் மருத்துவரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுச் செய்யலாம்.

அடுத்து பஸ். கதவோர சீட், தண்ணீர் பாட்டில், சட்டைப் பை மாத்திரை மூன்றும் உங்களைக் காப்பாற்றுவதாக நினைக்கிறீர்கள். தாக்குதல் அடங்கும்போதெல்லாம் 'பாட்டில் இருந்ததால் தப்பித்தேன்' என்று மூளை கணக்கெழுதுகிறது. பாட்டில் இல்லாமலும் அடங்கும் என்பது அதற்குத் தெரிய வாய்ப்பே கிடைப்பதில்லை. ஒவ்வொன்றாக எடுங்கள். முதல் வாரம் கதவிலிருந்து மூன்று வரிசை உள்ளே. அடுத்த வாரம் பாட்டில் பையின் அடியில், பிறகு வீட்டிலேயே. கடைசியாக மாத்திரை.

அந்த மாத்திரை அல்பிரசோலமாக (பதற்றத்தைத் தணிக்கும் மருந்து) இருந்து தினமும் போட்டுவருகிறீர்கள் என்றால் நீங்களாக நிறுத்தாதீர்கள். திடீரென்று நிறுத்தினால் வலிப்புகூட வரலாம், மருத்துவர் மேற்பார்வையில்தான் அளவைக் குறைக்க வேண்டும். இந்த நோய்க்கு வழக்கமாகத் தரும் வேறு வகை மருந்துகள் வேலை செய்ய நாலு முதல் ஆறு வாரம் பிடிக்கும், முதல் வாரத்தில் பதற்றம் சற்றுக் கூடவும் செய்யும். இது தெரியாமல் 'ஒத்துக்கவில்லை' என்று மூன்றாம் நாளே தூக்கிப் போடுபவர்கள் ஏராளம். யாரைப் பார்ப்பது என்று தெரியாவிட்டால் 14416, மத்திய அரசின் டெலி மானஸ் எண். கட்டணமில்லை, தமிழிலும் பேசலாம்.

ஒரு எச்சரிக்கை. வேலை செய்யும்போது நெஞ்சை அழுத்தும் வலி, இடது கைக்கோ தாடைக்கோ பரவுவது, குளிர்ந்து வியர்ப்பது, முக்கியமாகச் சர்க்கரை நோய் உள்ளவருக்கு: இவை வந்தால் பீதித் தாக்குதல் என்று உட்கார்ந்திருக்க வேண்டாம். ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

ஏழாவது மாடியில் வீடு. எனக்கு 58 வயது, முழங்கால் தேய்மானம். ஆனாலும் லிஃப்டில் ஏற மாட்டேன். கரண்ட் போய் நடுவில் நின்றுவிட்டால் மூச்சுத் திணறிச் செத்துவிடுவேனோ, கயிறு அறுந்துவிடுமோ என்று பயம். மகன் கையைப் பிடித்து ஒரு நாள் ஏழாவது மாடிவரை அழைத்துப் போனான். அதற்குப் பிறகு லிஃப்ட் பக்கமே போவதில்லை.
(மடிப்பாக்கம், சென்னை)

அம்மா, உங்கள் மகன் அன்போடு செய்த தவறு அது. நீச்சல் தெரியாதவரைக் கிணற்றில் தள்ளுவதுபோல ஒரே தாவலில் உச்சிக்குப் போனது ஒன்று. பயம் உச்சத்தில் இருக்கும்போதே கதவு திறந்து நீங்கள் வெளியே ஓடியது இன்னொன்று. 'ஓடியதால் பிழைத்தேன்' என்று உடம்பு எழுதிவைத்துக்கொண்டது.

முதலில் கயிறு. லிஃப்ட் ஒரே கயிற்றில் தொங்குவதில்லை, பல எஃகுக் கயிறுகளில் தொங்குகிறது. வேகம் அளவு மீறினால் கவர்னர் என்ற கருவி அதை உணர்ந்து, பெட்டியின் பிடிகளை இருபக்கத் தண்டவாளத்தையும் கவ்வ வைக்கும். விழும் பெட்டியைக் கவ்விப் பிடிக்கும் யோசனை புதிதல்ல. லிஃப்ட் பாதுகாப்புப் பிடியை உருவாக்கிய எலிஷா ஓடிஸ் 1854-ல் நியூயார்க்கில், தான் நின்றிருந்த மேடையின் கயிற்றை எல்லார் கண்முன்னும் அறுக்கச் சொல்லி, விழாமல் நின்று காட்டினார். அடுத்து மூச்சு. பெட்டியில் காற்றுத் துளைகள் இருக்கின்றன, கதவு இடுக்கிலும் காற்று வரும். உள்ளே நிற்பவருக்குக் காற்று தீர்ந்துபோகாது, வியர்த்துப் புழுங்கும், அவ்வளவுதான்.

கரண்ட் போவது மட்டும் நிஜம். உங்கள் லிஃப்டில் ஏ.ஆர்.டி. இருக்கிறதா என்று செக்ரட்டரியிடம் கேளுங்கள். மின்சாரம் போனதும் பேட்டரியில் பெட்டியை அருகிலுள்ள தளத்துக்குக் கொண்டுபோய்க் கதவைத் திறக்கும் கருவி அது. அலாரம் மணி அடிக்கிறதா, சத்தம் வாட்ச்மேன் காதுக்கு எட்டுகிறதா என்று ஒருமுறை அழுத்திப் பாருங்கள். நின்றுபோன லிஃப்டில் உண்மையான ஆபத்து ஒன்றே ஒன்று: இரண்டு மாடிக்கு நடுவில் நிற்கும்போது கதவை நெம்பித் திறந்து குதிக்க முயல்வது. கால் வழுக்கினால் பெட்டிக்கு அடியில் இருக்கும் பள்ளத்தில் போவீர்கள். உள்ளே உட்கார்ந்திருப்பதுதான் பத்திரம்.

இனி பயிற்சி. ஒரு நோட்டில் லிஃப்ட் சம்பந்தமான காட்சிகளை எழுதி, ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 100 வரை பயமதிப்பெண் போடுங்கள். 1950களில் ஜோசப் வோல்ப் என்ற மருத்துவர் பயத்தைப் படிப்படியாக அணுகும் சிகிச்சையை உருவாக்கினார், இந்த மதிப்பெண் முறையும் அவர் தந்ததே. குறைந்த மதிப்பெண்ணிலிருந்து மேல்நோக்கி அடுக்கினால் அதுதான் உங்கள் ஏணி, ஏறக்குறைய இப்படி வரும்:

திறந்த லிஃப்ட் முன்னால் நிற்பது, 20. மகன் வெளியே பட்டனை அழுத்திப் பிடித்திருக்க, உள்ளே போய் வருவது, 35. மகனுடன் தரைத்தளத்திலிருந்து முதல் மாடி, 50. நீங்கள் தனியே ஏற, மகன் படியேறி முதல் மாடியில் காத்திருப்பது, 60. மகன் வீட்டிலேயே இருக்க, தனியாக மூன்றாவது மாடி, 75. தனியாக ஏழு, 85. செல்போன் இல்லாமல், ஆட்கள் நிறைந்திருக்கும்போது, 95.

லிஃப்ட் பயத்தில் ஒரு தனிச் சிக்கல் உண்டு. ஒரு மாடிப் பயணம் சில விநாடிதான், பயம் இறங்க நேரமே கிடைக்காது. ஆகவே ஒரு தடவை போய்வந்தால் பயிற்சி ஆகாது. ஒரே படியை அரை மணி முதல் முக்கால் மணி நேரம், ஏறி இறங்கி ஏறி இறங்கி, பதினைந்து இருபது தடவை செய்யுங்கள். பள்ளி வேனும் கூரியர்காரர்களும் வராத மதியம் இரண்டரை மணி வாக்கில் செய்தால் அக்கம்பக்கத்தார் முறைக்க மாட்டார்கள். தொடங்கும் முன் 'என்ன நடக்கும் என்று பயப்படுகிறேன்' என்று எழுதுங்கள், முடிந்ததும் 'என்ன நடந்தது' என்று எதிரே எழுதுங்கள். வாரம் ஒரு நாள் என்றால் பலிக்காது, முதல் இரண்டு வாரம் தினமும் வேண்டும். ஒரு படியில் பயம் பாதியாகக் குறைந்தாலே அடுத்ததற்குப் போகலாம், பூஜ்யத்துக்காகக் காத்திருக்க வேண்டாம். தாங்க முடியாமல் ஒருநாள் வெளியே வந்துவிட்டால் குற்றமில்லை, அன்றைக்கே ஒரு படி கீழே இறங்கி மறுபடி செய்துவிட்டுத் தூங்கப் போங்கள்.

கண்ணை மூடிக்கொண்டு ஸ்லோகம் சொன்னபடி ஏறுவது முதல் சில நாள் பரவாயில்லை. பிறகு கண்ணைத் திறந்து, மாடி எண் மாறுவதைப் பார்த்தபடி ஏறுங்கள்.

கழுத்து எலும்புக்கு எம்.ஆர்.ஐ. எடுக்கச் சொல்லியிருக்கிறார்கள். போன முறை பாதியில் கத்தி வெளியே வந்துவிட்டேன். பணமும் போயிற்று.
(தஞ்சாவூர்)

அந்தக் குழாயின் வாய் 60 செ.மீ. அல்லது 70 செ.மீ. அகலம். பத்து சென்டிமீட்டர் கேட்கச் சின்னது, உள்ளே படுத்தவருக்குத்தான் அருமை தெரியும். உங்கள் ஊரில் 70 செ.மீ. மெஷின் எங்கே இருக்கிறது என்று போனில் விசாரித்துவிட்டுப் போங்கள். இரண்டு முனையும் திறந்திருக்கும், உள்ளே விளக்கும் காற்றும் உண்டு. கழுத்துக்கு எடுக்கும்போது தலைதான் முதலில் உள்ளே போகும், அதைத் தவிர்க்க முடியாது.

ஒரு வாரம் வீட்டில் ஒத்திகை பாருங்கள். கட்டிலுக்கு அடியில் பாய் விரித்து மல்லாந்து படுங்கள். மூக்குக்கு ஒரு சாண் மேலே பலகை இருக்கட்டும். செல்போனில் எம்.ஆர்.ஐ. சத்தத்தைத் தேடி ஓடவிடுங்கள். முதல் நாள் 5 நிமிடம், பிறகு 10, 20, கடைசியில் 30. கையை உடம்போடு ஒட்டி, அசையாமல். வீட்டில் சிரிப்பார்கள், சிரிக்கட்டும்.

ஸ்கேன் அன்று பலர் செய்யும் பிழை, கண்ணைத் திறந்தபடி உள்ளே போவது. இன்னொரு வகை, மூடியபடி போய் நடுவில் 'எப்படி இருக்கிறது பார்ப்போம்' என்று திறப்பது. மேசை நகரும் முன்பே சிறு துண்டை மடித்துக் கண்மேல் போடச் சொல்லுங்கள், வெளியே வரும்வரை எடுக்காதீர்கள். லிஃப்ட் அம்மாவுக்குக் கண்ணைத் திறக்கச் சொல்லிவிட்டு உங்களுக்கு மூடச் சொல்கிறோமே என்றால், அவர் தினமும் ஏற வேண்டியவர், உங்களுக்கு இன்று ஒருநாள் படம் எடுத்தால் போதும்.

சத்தம் 100 டெசிபலைத் தாண்டலாம், காதடைப்பான் கேட்டு வாங்குங்கள். கையில் ஒரு ரப்பர் பந்து தருவார்கள், அழுத்தினால் டெக்னீஷியன் வருவார். தொடங்கும் முன்பே ஒருமுறை அழுத்திப் பார்த்துவிடுங்கள். ஸ்கேன் ஒரே மூச்சில் ஓடுவதில்லை, சில நிமிடத் துண்டுகளாக ஓடும். "ஒவ்வொன்றும் எத்தனை நிமிஷம்னு மைக்கில் சொல்லுங்க" என்று கேளுங்கள். 25 நிமிடத்தைச் சகிப்பதைவிட 4 நிமிடத்தை ஆறு தடவை சகிப்பது எளிது. துண்டுகளுக்கு இடையில் எச்சில் விழுங்கிக்கொள்ளலாம், ஓடும்போது விழுங்கினால் கழுத்துப் படம் கலங்கி மறுபடி எடுக்க நேரும்.

புடவை ஊக்கு, ஹேர்பின், கொலுசு, தாலிக்கொடி எல்லாம் வீட்டிலேயே. தாலியைக் கழற்ற மனமில்லாதவர்கள் மஞ்சள் கயிற்றில் வெறும் மஞ்சள் கிழங்கைக் கட்டிக்கொண்டு வருவது வழக்கம்தான். கடைசி நேரத்தில் ஸ்கேன் அறை வாசலில் ஊக்கைத் தேடிப் பதறினால் அந்தப் பதற்றமும் உங்களோடு உள்ளே வரும். இவ்வளவும் செய்து முடியாவிட்டால் மயக்க மருந்து கொடுத்து எடுக்கலாம். அதற்கு வெறும் வயிறு, மயக்கவியல் மருத்துவர், கூட ஒரு ஆள் தேவை.

பள்ளி ஆண்டு விழாவில் அறிக்கை வாசிக்க வேண்டும். மைக் முன்னால் நின்றால் கையிலிருக்கும் காகிதம் படபடவென்று ஆடுகிறது. சக ஆசிரியர் ஒருவர் ஏதோ மாத்திரை போட்டால் நடுக்கம் நிற்கும் என்கிறார்.
(திருவண்ணாமலை)

அவர் சொல்வது பிரோப்ரனலாலாக இருக்கலாம். நடுக்கத்தைக் குறைக்கும், உண்மைதான். ஆனால் ஆஸ்துமா உள்ளவருக்கு மூச்சுக்குழாயைச் சுருக்கிவிடும், நாடித்துடிப்பு ஏற்கெனவே குறைவாக இருப்பவருக்கும் ஆகாது. நண்பர் பையிலிருந்து வாங்கிப் போடும் மாத்திரை இல்லை அது.

காகிதம் ஆடுவதை நிறுத்தச் சுலப வழி, காகிதத்தை மாற்றுவது. ஏ4 தாள் விரல் நடுக்கத்தைப் பத்து மடங்காக்கிக் காட்டும். கல்யாணப் பத்திரிகை அட்டை கனத்தில் உள்ளங்கை அளவு அட்டைகளில் எழுதுங்கள், அல்லது தாளைக் கெட்டி ஃபைலில் வைத்து மேசைமேல் வையுங்கள்.

மனதுக்குள் வாசிப்பது ஒத்திகை ஆகாது. நின்றுகொண்டு, விழாவுக்குப் போடும் செருப்பைப் போட்டுக்கொண்டு, உரக்க. முதலில் தனியாக 3 முறை, பிறகு வீட்டில் இருவர் முன், பிறகு ஆசிரியர் ஓய்வறையில் ஐந்தாறு பேர் முன், முடிந்தால் முந்தின நாள் மாலை காலி மண்டபத்தில் அதே மைக்கில். மைக்கில் தன் குரலையே முதன்முறை கேட்கும் அதிர்ச்சியை முந்தின நாளே தீர்த்துக்கொள்ளலாம். முதல் இரண்டு வாக்கியங்களை மட்டும் மனப்பாடம் செய்யுங்கள். பயம் பெரும்பாலும் முதல் ஒரு நிமிடத்தில்தான் உச்சத்தில் இருக்கும், அந்த நிமிடத்தை நாக்கு தானாகக் கடந்துவிடும். முழுவதையும் மனப்பாடம் செய்தவர்தான் ஒரு வார்த்தை தப்பினால் மொத்தமாகத் தடுமாறுகிறார்.

விடியற்காலை கோலம் போடக்கூட வெளியே வர முடியவில்லை. தெரு நாய்களைக் கண்டால் நடுங்குகிறது. இதுவும் மனநோயா?
(திருப்பூர்)

இல்லை. கடிக்கும் நாய்க்கு அஞ்சுவது புத்திசாலித்தனம். பூட்டிய கேட்டுக்குப் பின்னால் நிற்கும் நாய்க்கும், நாய்ப் படத்துக்கும் நடுங்கினால்தான் லிஃப்ட் அம்மாவுக்குச் சொன்ன ஏணி தேவை. தெரு நாயை வைத்து ஏணி போடாதீர்கள். தெரிந்தவர் வீட்டுச் சாதுவான நாய், சங்கிலியில், பத்து மீட்டர் தூரத்திலிருந்து.

தெருவில் செய்ய வேண்டியது: ஓடாதீர்கள், ஓடினால் துரத்தும். கண்ணுக்குக் கண் முறைக்காமல், பக்கவாட்டில் திரும்பி, கைகளை உடம்போடு வைத்து நில்லுங்கள். நாய் ஆர்வம் இழந்ததும் மெல்லப் பின்வாங்குங்கள். விழுந்துவிட்டால் சுருண்டு, கைகளால் கழுத்தையும் காதையும் மூடுங்கள். வண்டியில் போனால் முறுக்காமல் வேகத்தைக் குறையுங்கள்.

கடித்துவிட்டால் ஓடும் தண்ணீரில் சோப்பு போட்டு முழுதாக 15 நிமிடம் கழுவுங்கள். மிளகாய்த்தூள், சுண்ணாம்பு, காபித்தூள் எதுவும் வைக்காதீர்கள். அன்றே அரசு மருத்துவமனை. தோலில் போடும் வெறிநாய்க்கடித் தடுப்பூசி முறையில் 0, 3, 7, 28 ஆகிய நாட்கள் (முதல் ஊசி போடும் நாள்தான் 0). ரத்தம் வந்த காயமென்றால் காயத்தைச் சுற்றிப் போடும் இம்யூனோகுளோபுலின் என்ற தயார்நிலை எதிர்ப்புப் புரத ஊசியும் வேண்டும், கேட்டு வாங்குங்கள். மூன்று ஊசியோடு நிறுத்தாதீர்கள்.

கோயிலில் மந்திரித்த கயிறு கட்டினால் பயம் போகும் என்கிறார் மாமியார். கட்டலாமா?
(உசிலம்பட்டி)

கட்டுங்கள். மாமியார் மனசும் குளிரும். கயிறு கட்டிய தைரியத்தில் நீங்கள் பயந்த இடத்துக்குப் போய்வந்தால் லாபம்தான். கயிறு அறுந்த அன்று வீட்டைவிட்டு வெளியே வர மாட்டேன் என்றால் மட்டும், ஸ்ரீபெரும்புதூர் நண்பரின் தண்ணீர் பாட்டிலைப் பற்றி மேலே சொன்னதைப் படியுங்கள்.

ஸ்கூட்டி விபத்துக்குப் பிறகு ஆறு மாதம் ஓட்டவில்லை. பிறகு கொஞ்சம் கொஞ்சமாகப் பழகி, நான்கு மாதம் நன்றாக ஓட்டினேன். போன வாரம் மழையில் ஒரு லாரி பக்கத்தில் வந்ததும் பழைய பயம் அப்படியே திரும்பிவிட்டது. பட்ட பாடெல்லாம் வீணா?
(நாகர்கோவில்)

வீணில்லை. பயிற்சி பழைய பயத்தை அழிப்பதில்லை, அதன் பக்கத்தில் 'ஒன்றும் ஆகாது' என்ற புதுப் பாடத்தை எழுதுகிறது. இரண்டும் உள்ளே இருக்கும். அழிந்துவிட்டதாக நினைத்த பழக்கம் இடைவெளிக்குப் பிறகு தானாகத் தலைகாட்டுவதை ரஷ்ய விஞ்ஞானி பாவ்லவ் நூறு ஆண்டுக்கு முன்பே தன் நாய்களிடம் பார்த்துப் பதிவு செய்தார். புதுப் பாடம் எந்தச் சூழலில் எழுதப்பட்டதோ அங்கே பலமாக இருக்கும். நீங்கள் பழகியது பெரும்பாலும் வெயிலில், காலியான சாலையில், பகலில் என்று ஊகிக்கிறோம். மழையும் லாரியும் உங்கள் பாடத்திட்டத்திலேயே இல்லை.

ஆகவே சேருங்கள். முதலில் தூறலில், தெரிந்த தெருவில், பத்து நிமிடம். பிறகு லாரி போகும் சாலையில், வெயிலில், ஓரமாக நிறுத்தி வண்டிமேல் உட்கார்ந்தபடி இருபது லாரிகள் கடப்பதைப் பார்ப்பது. பிறகு அதே சாலையில் ஓட்டுவது, பிறகு இருட்டிய பின், பின்னால் ஒரு ஆளை ஏற்றிக்கொண்டு. மழையும் லாரியும் சேர்ந்த படி கடைசியில். முதல்முறை பழகியதைவிட இம்முறை சீக்கிரம், சில வாரத்தில் முடியும், ஏனென்றால் பாதிப் பாடம் ஏற்கெனவே தெரியும்.

விபத்துக் காட்சி கனவிலும் நனவிலும் திரும்பத் திரும்ப வந்து தூக்கம் கெடுகிறதென்றால் அது வேறு, மனநல மருத்துவரைப் பாருங்கள். மற்றபடி பின் டயரின் பட்டன் தேய்ந்திருக்கிறதா, பிரேக் பிடிக்கிறதா என்று மெக்கானிக்கிடம் காட்டிவிட்டு, இந்த வாரமே வண்டியை எடுங்கள். நாள் தள்ளத் தள்ள ஏணியின் முதல் படி உயரமாகிக்கொண்டே போகும்.